நுனியைக் காட்டி ஒலியை விற்காதீர்கள்: எக்ஸாஸ்ட் உதிரிகள் செய்வோருக்கும் விற்போருக்கும் ஒரு திறந்த மடல்

காருக்கு எக்ஸாஸ்ட் உதிரிகள் தயாரிப்பவர்களுக்கும், அவற்றை விற்பவர்களுக்கும், வண்டிக்கு அடியில் படுத்து மாட்டித் தருபவர்களுக்கும்,

வணக்கம்.

எஞ்சின் ஒலியை விரும்பிக் கேட்கிறவன் நான். ஒரு கார் கடந்து போனால், திரும்பிப் பார்ப்பதற்கு முன்னாலேயே அது மூன்று சிலிண்டரா, நான்கா, ஆறா என்று காது தேட ஆரம்பித்துவிடும். சைலன்சரைத் தொடவே கூடாது என்று சொல்லும் ஆளின் புகாராக இந்த மடலை எடுத்துக்கொள்ள வேண்டாம். உங்கள் கைவேலை மீது எனக்கு மரியாதை உண்டு. உங்களிடம் கேட்பது ஒன்றுதான். நீங்கள் விற்கும் ஒவ்வொரு உதிரியும் காரின் ஒலியை மாற்றுமா, தோற்றத்தை மாற்றுமா, மாற்றினால் எவ்வளவு மாற்றும் என்பதை வாங்குகிறவரிடம் உள்ளபடி சொல்லுங்கள்.

இப்போது அப்படி நடப்பதில்லை. குழாயின் நுனியில் செருகும் ஒரு சாண் நீள டிப்பின் பெட்டியிலும் கம்பீரமான ஒலி என்று போட்டிருக்கிறது. சைலன்சரையே மாற்றும் முழு செட்டின் பெட்டியிலும் அதே வாசகம்தான். இரண்டும் செய்யும் வேலைக்கு மலைக்கும் மடுவுக்கும் உள்ள வித்தியாசம். முதலாவதை வாங்கியவர் ஒலி மாறவில்லையே என்று ஏமாறுகிறார். இரண்டாவதை வாங்கியவர் இவ்வளவு மாறும் என்று யாரும் சொல்லவில்லையே என்று தவிக்கிறார்.

ஒலி பிறக்கும் இடத்திலிருந்து வருகிறேன். எரிந்து முடிந்த வாயு இன்னும் அழுத்தத்தோடு இருக்கும்போதே எக்ஸாஸ்ட் வால்வு திறக்கிறது. அடைபட்டிருந்த வாயு ஓங்கி அறைந்தது போலக் குழாய்க்குள் பாய்கிறது. நான்கு ஸ்ட்ரோக் எஞ்சினில் கிராங்க் (பிஸ்டன்கள் சுழற்றும் தண்டு) இரண்டு சுற்று சுற்றுவதற்குள் ஒவ்வொரு சிலிண்டரும் ஒரு முறை இப்படி அறையும். நான்கு சிலிண்டர் எஞ்சின் 3000 ஆர்பிஎம்மில், அதாவது நிமிடத்துக்கு 3000 சுற்றில், ஓடினால் நொடிக்கு 100 அறைகள், அதாவது 100 ஹெர்ட்ஸ். அதே ஆர்பிஎம்மில் மூன்று சிலிண்டருக்கு 75, ஆறு சிலிண்டருக்கு 150. காரின் குரலுக்கு அடித்தளம் இந்த எண்தான். வால்பக்கம் எதை மாட்டினாலும் இது அசையாது. பக்கத்துக்கு நான்காக எட்டு சிலிண்டர் கொண்ட பல வி8 எஞ்சின்களில் கேட்கும் அந்த விட்டுவிட்டு வரும் குமுறலுக்குக் காரணம், ஒரு பக்கத்து நான்கு சிலிண்டர்களும் சம இடைவெளியில் வெடிக்காததுதான். அதை ஒரு நான்கு சிலிண்டர் காருக்கு யாராலும் மாட்டித் தர முடியாது. அப்படிக் கேட்டு வருகிறவரிடம் முடியாது என்று சொல்வதுதான் நியாயம்.

அடித்தளத்துக்கு மேலே இருக்கும் மற்ற ஒலிகளைத்தான் உதிரிகள் கூட்டுகின்றன, குறைக்கின்றன. சிலிண்டர்களிலிருந்து வரும் வாயுவை ஒன்றுசேர்க்கும் மேனிஃபோல்டின் குழாய்கள் சம நீளமா இல்லையா என்பது குரலின் சீரை மாற்றும். டர்போ (வெளியேறும் வாயுவால் சுழன்று எஞ்சினுக்குக் காற்றை அழுத்தி ஊட்டும் கருவி) இருந்தால் அதன் சக்கரமே துடிப்புகளைப் பாதி மழுங்கடித்துவிடும். புகையின் நஞ்சைக் குறைக்கும் கேட்டலிட்டிக் கன்வெர்ட்டரின் தேன்கூட்டுத் துளைகளும் கொஞ்சம் அடக்கும். அதற்குப் பின்னால் ரெசனேட்டர், கடைசியில் சைலன்சர். ரெசனேட்டர் பொதுவாகக் கரகரப்பைத் தின்னும். அதைக் கழற்றி நேர்க்குழாய் வைத்தால் ஒலி கூடுகிறதோ இல்லையோ, தகரம் உரசுவது போன்ற ஒரு பிசிறு பெரும்பாலும் சேரும்.

சைலன்சரிலும் இரண்டு குணம் உண்டு. ஒன்று, உள்ளே அறை அறையாகத் தடுத்து, ஒலியை எதிரொலித்துத் தன்னோடு தானே மோதி அடங்க வைப்பது. கார் கம்பெனி கொடுத்து அனுப்புவது பெரும்பாலும் இந்த வகைதான். மற்றொன்று, துளையிட்ட குழாயைச் சுற்றிக் கண்ணாடி நார் அடைத்த நேர்வழி சைலன்சர். அந்த நார் உயர் அலைவெண்களை நன்றாக உறிஞ்சும், தாழ்ந்தவற்றை விட்டுவிடும். கனத்த குரல் கிடைப்பது அதனால்தான். ஆனால் சூட்டிலும் வாயுவின் உதைப்பிலும் அந்த நார் நாளடைவில் பொடிந்து வெளியேறும். மாட்டிய அன்று கேட்ட குரல் சில வருடம் கழித்து இருக்காது, சத்தம் கூடியிருக்கும். வாங்குகிறவரிடம் இதைச் சொல்லும் விற்பனையாளரை நான் அதிகம் பார்த்ததில்லை.

இனி டிப். குளிர்ந்த காற்றில் 100 ஹெர்ட்ஸ் ஒலியின் அலைநீளம் ஏறக்குறைய 3.4 மீட்டர். சூடான வாயுவில் ஒலி இன்னும் வேகமாகப் போவதால், குழாய்க்குள் அது அதைவிடவும் நீளம். இவ்வளவு நீண்ட அலையை 15 செண்டிமீட்டர் உலோகத் துண்டு என்ன செய்துவிட முடியும்? அடிக்குரலைத் தொடக்கூட முடியாது. அகன்ற வாயும் மெல்லிய சுவரும் இருந்தால் மேல்சுருதியில் ஒரு சின்ன தகரச் சாயல் சேரலாம், இரட்டைச் சுவர் டிப்பில் அதுவும் குறைவு. போல்ட் தளர்ந்தால் மட்டும் நிச்சயமாகப் புது ஒலி கேட்கும், அந்தக் கிணுகிணுப்பை யாரும் விரும்பி வாங்குவதில்லை.

ஆகவே டிப் என்பது அலங்காரப் பொருள். அதில் கேவலம் ஒன்றும் இல்லை. காரின் பின்பக்கத்தை அது எவ்வளவு மாற்றிவிடும் என்று உங்களுக்கே தெரியும். பம்பருக்கு அடியில் சுண்டுவிரல் போல எட்டிப் பார்க்கும் துருப்பிடித்த குழாய்க்கும், பம்பரின் வளைவுக்குப் பொருந்தி, இரண்டு பக்கமும் ஒரே உயரத்தில், ஒரே அளவு வெளியே நீண்டு நிற்கும் இரட்டை வாய்க்கும் எவ்வளவு வித்தியாசம்! ஓரம் உள்ளே சுருண்ட டிப் கனமாகத் தெரியும். சாய்வாக வெட்டிய டிப் ஓட்டத்தைக் காட்டும். நீள்வட்டம் அகலமான காருக்கு எடுக்கும், சின்ன ஹேட்ச்பேக்குக்கு வட்டமே அழகு என்பது என் அபிப்பிராயம். இவ்வளவு நல்ல காரணங்கள் கையில் இருக்கும்போது, இல்லாத ஒலியை ஏன் பெட்டியில் அச்சடிக்கிறீர்கள்? அழகுக்கு என்று சொல்லியே விற்கலாமே.

அழகுக்கு என்று விற்றால் அழகைப் பற்றியாவது முழுதாகச் சொல்ல வேண்டியிருக்கும். ஸ்டெயின்லெஸ் ஸ்டீல் என்று மட்டும் எழுதினால் போதாது. 304 ரகத்தில் குரோமியம் சுமார் 18 சதவீதம் இருக்கும், நிக்கல் 8 சதவீதத்துக்குக் குறையாது. துடைத்தால் பல வருடம் பளபளக்கும். 409 ரகத்தில் குரோமியம் 11 சதவீத அளவுதான். சீக்கிரம் ஓட்டை விழாது, ஆனால் மேலே பழுப்புத் துரு படரும். அடியில் மறைந்திருக்கும் குழாய்க்கு 409 தாராளமாகப் போதும், கண்ணில் படும் நுனிக்கு அது சரிவராது. சாதா இரும்பின் மேல் குரோம் பூசிய டிப்போ, பூச்சு ஒரு இடத்தில் கீறினாலே அங்கிருந்து உரியத் தொடங்கிவிடும். மூன்றும் கடையில் ஒரே மாதிரி மின்னும். ஒரு காந்தத்தை வைத்துப் பார்த்தால், 304 பெரும்பாலும் ஒட்டாது, மற்ற இரண்டும் ஒட்டும். இந்தச் சோதனையை வாடிக்கையாளர் தாமே செய்து தெரிந்துகொள்ளும்படி விடாமல், ரகத்தின் எண்ணை உலோகத்திலேயே பொறித்துக் கொடுங்கள்.

எரிந்த நீலம் என்று விற்கும் டிப் பற்றியும் ஒரு வார்த்தை. டைட்டானியத்தையோ ஸ்டெயின்லெஸ் ஸ்டீலையோ சூடாக்கினால் மேலே மெல்லிய ஆக்சைடு படலம் வளரும். படலத்தின் தடிமனைப் பொறுத்து வைக்கோல் நிறம், பழுப்பு, ஊதா, நீலம் என்று மாறும். 304 ரகம் நீலமாவதற்கு 500 டிகிரி செல்சியஸுக்கு மேல் வேண்டும். சாதாரண ஓட்டத்தில் வால்முனை அந்தச் சூட்டை எட்டுவதே இல்லை. அந்த நீலம் தொழிற்சாலையில் கொடுத்த நிறம். அழகான நிறம்தான், எனக்கும் பிடிக்கும். எஞ்சின் வீரியத்தில் வெந்து வந்த நிறம் போல விளம்பரம் செய்வதைத்தான் நிறுத்தச் சொல்கிறேன். தேய்த்தால் போய்விடும், கடினமான பாலிஷ் போடாதீர்கள் என்று ஒரு வரி சேர்த்தால் இன்னும் நல்லது.

பம்பரில் வார்த்த பொய் வாய்களைப் பற்றிக் கார் கம்பெனிகளிடம் கேட்க வேண்டும். வெளியே பளபளவென்று இரண்டு வாய், உள்ளே பிளாஸ்டிக் மூடி, உண்மையான குழாய் கீழ்நோக்கி வளைந்து எங்கோ ஒளிந்திருக்கும். பார்த்தவுடன் மனசு விட்டுப்போகும். ஒளித்து வைப்பது என்று முடிவெடுத்தால் முழுதாக ஒளித்தே வையுங்கள்.

இந்த மடலை எழுத உட்கார்ந்ததே டிரோன் என்று எல்லோரும் சொல்லும் அந்த முனகலுக்காகத்தான். நெடுஞ்சாலையில் ஒரே வேகத்தில் போகும்போது காருக்குள் ஊஊ என்று அழுத்துமே, அது. காதில் விழுவதைவிட நெஞ்சிலும் மண்டையிலும் உட்காரும் ஒலி அது. காரின் உட்கூடு நீளவாக்கில் சுமார் இரண்டரை மீட்டர் என்று வையுங்கள். கணக்குப்படி அந்தக் கூட்டுக்குள் காற்று தானாக அதிர விரும்பும் முதல் அலைவெண் 70 ஹெர்ட்ஸை ஒட்டி வரும். நான்கு சிலிண்டர் எஞ்சின் 2100 ஆர்பிஎம்மில் ஓடினால் அதன் துடிப்பும் 70 ஹெர்ட்ஸ். மேல் கியரில் நெடுஞ்சாலை வேகத்தில் எத்தனையோ கார்கள் இந்த ஆர்பிஎம்மை ஒட்டித்தான் ஓடுகின்றன. இரண்டும் ஒத்துப்போனால் கூடே சேர்ந்து பாட ஆரம்பித்துவிடும். கம்பெனி சைலன்சரை வடிவமைத்த எஞ்சினியர்கள் அந்த இடத்தை மட்டும் குறிவைத்து அடக்கியிருப்பார்கள். அதைக் கழற்றிவிட்டு நேர்வழி சைலன்சர் வைத்தால் அந்தப் பூட்டும் சேர்ந்து கழன்றுவிடுகிறது.

கடை வாசலில் ஆக்ஸிலேட்டரை மிதித்துக் காட்டும்போது இது தெரியவே தெரியாது. வெளியே நின்று கேட்பவருக்கு அற்புதமாக இருக்கும். குடும்பத்தோடு மூன்று மணி நேரம் ஒரே வேகத்தில் போகும்போதுதான் புரியும், பின் சீட்டில் குழந்தை தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கும். பின்பக்கம்தான் சைலன்சருக்குப் பக்கம் என்பதை நினைவில் வையுங்கள்.

அளந்து காட்டினாலும் பல சமயம் மீட்டர் கைவிட்டுவிடும். நாம் பொதுவாகப் பார்க்கும் டெசிபல் எண், ஏ எடை என்ற முறையில் காதின் கூர்மைக்கேற்பத் திருத்தியது. அந்த முறை 100 ஹெர்ட்ஸில் 19 டெசிபலைக் கழித்துவிடும். சி எடை என்ற மற்றொரு முறையில் அநேகமாக ஒன்றும் கழியாது. ஆகவே காருக்குள் ஏ எடையில் மட்டும் அளந்து, பாருங்கள் சத்தம் கூடவேயில்லை என்று காட்டுவது டிரோனை மறைப்பதற்குச் சமம். இரண்டு எடையிலும் அளந்து பக்கத்தில் பக்கத்தில் போடுங்கள்.

டிரோனுக்கு மருந்து இல்லாமல் இல்லை. காலி பாட்டிலின் வாயில் ஊதினால் ஒரே ஒரு சுருதி எழும் அல்லவா, அதே தத்துவத்தில் ஒரு அறையைக் குழாயோடு இணைத்தால் அந்த ஒரு சுருதியை அது விழுங்கிக்கொள்ளும். ஹெல்ம்ஹோல்ட்ஸ் ரெசனேட்டர் என்பது இதுதான். மறுமுனை அடைத்த பக்கக் குழாய் ஒன்றை வைத்தும் செய்யலாம். அதன் நீளம் அலைநீளத்தில் கால் பங்கு இருக்க வேண்டும். 100 ஹெர்ட்ஸுக்கே ஒரு மீட்டர் அளவுக்கு வரும், 70க்கு இன்னும் நீளம். காருக்கு அடியில் அதற்கு இடம் தேடி, வளைத்து, சரியான நீளத்தில் வெட்டி வெல்டு செய்பவர்கள் உங்களிலேயே இருக்கிறார்கள். அந்த வேலைக்கு நான் தலைவணங்குகிறேன். எந்த ஆர்பிஎம்மில் முனகல் வருகிறது என்று ஓட்டிப் பார்த்துக் குறித்துக்கொண்டு, அந்த எண்ணிலிருந்து நீளத்தைக் கணக்கிடும் அந்தப் பொறுமைதான் இந்தத் தொழிலின் உயரம். ஆர்பிஎம்மைப் பார்த்துத் திறந்து மூடும் வால்வு வைத்த சைலன்சரும் நல்ல வழி. நிதானமாகப் போகையில் மூடியிருக்கும், மிதிக்கும்போது திறக்கும்.

பவர் கூடும் என்ற பேச்சைச் சுருக்கமாகவே முடித்துவிடுகிறேன். மற்ற எதையும் தொடாத காரில், கன்வெர்ட்டருக்குப் பின்னால் உள்ள குழாயை மட்டும் மாற்றினால் கிடைக்கும் பவர் சொற்பம். எஞ்சினுக்குப் பின்னழுத்தம் (வெளியேறும் வாயுவை எதிர்க்கும் தடை) வேண்டும் என்ற பழைய நம்பிக்கையும் சரியல்ல. வாயுவின் வேகம் குறையாமல் இருப்பதுதான் வேண்டும். அளவுக்கு மீறி அகலமான குழாயை வைத்தால் அந்த வேகம் செத்து, கீழ் ஆர்பிஎம்மில் இழுவை குறையலாம். பெரிய குழாய் என்றால் பெரிய பவர் என்று சொல்லி அனுப்பாதீர்கள்.

காருக்கு வெளியே இருப்பவர்கள் இதில் ஒன்றையும் தேர்ந்தெடுக்கவில்லை. 10 டெசிபல் கூடினால் ஒலியாற்றல் 10 மடங்கு. காதுக்கு ஏறத்தாழ இரண்டு மடங்கு சத்தம். உலக சுகாதார நிறுவனத்தின் ஐரோப்பியப் பிரிவு 2018இல் வெளியிட்ட வழிகாட்டுதல், சாலைப் போக்குவரத்தின் இரவுச் சத்தம் சராசரி 45 டெசிபலுக்குள் இருக்கட்டும் என்கிறது, அதற்கு மேல் போனால் தூக்கம் கெடுகிறது என்பதால். ஐரோப்பிய ஒன்றியத்தின் 540/2014 ஒழுங்குமுறை, சாதாரணப் பயணிகள் கார் கடந்து போகும்போது எழுப்பும் சத்தத்தின் வரம்பை 72 டெசிபல், பிறகு 70, பிறகு 68 என்று படிப்படியாக இறக்கியிருக்கிறது. கம்பெனிகள் ஒவ்வொரு டெசிபலுக்கும் மாதக்கணக்கில் உழைத்திருக்கும். ஒரு மதியத்தில் அத்தனையையும் கழற்றிப் போடும் வேலையைச் செய்து தருவதற்கு முன், அந்த வண்டி இரவு எந்தத் தெருவுக்குள் நுழையும் என்று யோசியுங்கள்.

பெடலை விட்டதும் பட்பட்டென்று வெடிக்க வைக்கும் டியூனிங்கை நான் ஒருபோதும் ஏற்கமாட்டேன். இக்னிஷனை (எரிபொருளைப் பற்றவைக்கும் பொறியை) தாமதித்து, எரியாத பெட்ரோலைச் சூடான குழாய்க்குள் அனுப்பி அங்கே வெடிக்கவிடும் வித்தை அது. கன்வெர்ட்டரின் தேன்கூடு அதில் உருகலாம், உடையலாம். கன்வெர்ட்டரையே எடுத்துவிட்டு வெறும் குழாய் வைப்பது அதைவிட மோசம். நன்றாகச் சூடேறிய கன்வெர்ட்டர் கார்பன் மோனாக்சைடு, நைட்ரஜன் ஆக்சைடுகள், எரியாத எரிபொருள் ஆகியவற்றில் பத்தில் ஒன்பது பங்குக்கும் மேல் மாற்றிவிடுகிறது. கொஞ்சம் கூடுதல் சத்தத்துக்காக அத்தனை நஞ்சையும் பின்னால் வருகிறவர் மூக்கில் விடலாமா? கன்வெர்ட்டர் வேலை செய்கிறதா என்று கண்காணிக்கும் ஆக்சிஜன் சென்சாரை ஏமாற்றும் இடைத்துண்டை விற்கிறவர்கள் அந்த வியாபாரத்தை இன்றே கைவிட வேண்டும் என்று கேட்கிறேன்.

எதை எழுதித் தர வேண்டும் என்று கேட்பீர்கள். புதிதாக ஒன்றும் கண்டுபிடிக்க வேண்டாம். நின்றிருக்கும் வண்டியின் சத்தத்தை அளக்க ஐஎஸ்ஓ 5130 என்ற முறை இருக்கிறது. மைக்கைக் குழாய் வாயிலிருந்து அரை மீட்டரில், வாயு வரும் திசைக்கு 45 டிகிரி சாய்வில், வாயின் உயரத்திலேயே வைக்க வேண்டும். தரையிலிருந்து 20 செண்டிமீட்டருக்குக் கீழே மட்டும் இறங்கக் கூடாது. எஞ்சினைக் குறித்த ஆர்பிஎம்முக்கு ஏற்றி, பெடலை விட்டு, வரும் உச்ச எண்ணைக் குறிக்க வேண்டும். உச்ச பவர் 5000 ஆர்பிஎம்முக்கும் 7500 ஆர்பிஎம்முக்கும் இடையில் வரும் பெட்ரோல் எஞ்சினுக்கு அந்த ஆர்பிஎம் 3750. பழைய சைலன்சரோடு ஒரு எண், புதியதோடு ஒரு எண். அதோடு பின் சீட்டில், நெடுஞ்சாலை வேகத்தில், மேலே சொன்ன இரண்டு எடையிலும் எடுத்த எண்கள். எந்த எஞ்சின், எந்த ஆர்பிஎம்மில் முனகல் என்ற குறிப்பு. ஒரு சின்னச் சீட்டில் அடங்கிவிடும். மாற்றுச் சைலன்சர்களுக்கென்றே ஐநா ஒழுங்குமுறை எண் 59 இருக்கிறது. அந்த அங்கீகாரம் பெற்ற உதிரியில் வட்டத்துக்குள் ஆங்கில ஈ எழுத்தும் எண்ணும் பொறித்திருக்கும். அது இருந்தால் பெருமையாகக் காட்டுங்கள், இல்லையென்றால் இல்லை என்று சொல்லிவிடுங்கள்.

விளம்பர ஒலிப்பதிவிலும் ஒரு வேண்டுகோள். காலியான சுரங்கப் பாதையில் முழு மிதியில் எடுத்த பதிவை மட்டும் போடாதீர்கள். சுவர்கள் கொடுக்கும் முழக்கத்தை உங்கள் சைலன்சர் கொடுக்காது. குளிர்ந்த எஞ்சினைக் காலையில் ஸ்டார்ட் செய்யும் ஒலியையும், கண்ணாடி ஏற்றி ஓடும்போது உள்ளே கேட்பதையும் பதிவில் சேருங்கள். வாங்குகிறவர் வாழப்போவது அந்த ஒலிகளோடுதான்.

மாட்டுகிறவர்களுக்குத் தனியாகச் சில. ஒரு லிட்டர் பெட்ரோல் எரிந்தால் கிட்டத்தட்ட ஒரு லிட்டர் தண்ணீர் உண்டாகிறது. சூட்டில் அது ஆவியாகப் போய்விடும். குறைந்த தூரம் மட்டும் ஓடும் காரில் சைலன்சருக்குள்ளேயே தங்கி, உள்ளிருந்து துருவை ஏற்படுத்தும். அந்தத் தண்ணீர் வடிவதற்காகவே பல சைலன்சர்களின் அடிவயிற்றில் ஒரு சின்னத் துளை போட்டிருப்பார்கள். அதை லீக் என்று நினைத்து வெல்டு வைத்து அடைக்கிறார்கள். கார்பன் படிந்த கறுப்பு வளையம் அதைச் சுற்றி இருக்கும், விரல் வைத்தால் மெல்லிய ஊதல் தெரியும். தயவுசெய்து அதை விட்டுவிடுங்கள். அடைக்க வேண்டிய லீக் மூட்டுகளிலும் அவற்றுக்கு இடையில் வைக்கும் கேஸ்கெட்டிலும் இருக்கும். அந்த லீக்கை அடைக்காமல் விட்டால் கார்பன் மோனாக்சைடு வண்டிக்குள் ஏறலாம். நிறமும் இல்லாத, மணமும் இல்லாத வாயு அது. டிப்பின் வாய் பம்பரின் ஓரத்தைத் தாண்டி வெளியே நிற்க வேண்டும் என்பதற்கும் அதுதான் காரணம். உள்ளே ஒடுங்கினால் பிளாஸ்டிக் உருகுவதும் பெயிண்ட் கருகுவதும் வேறு. வெளியே அதிகம் நீண்டாலோ, டிக்கியில் பொருள் ஏற்றுகிறவர் கால் சுடும்.

கடைசியாக ஒன்று. கழற்றிய கம்பெனி சைலன்சரைப் பழைய இரும்பில் போட்டுவிடாதீர்கள். அதைத் துடைத்து, கிளாம்ப், ரப்பர் ஹேங்கர் எல்லாவற்றோடும் உரிமையாளர் கையில் கொடுங்கள். முடிந்தவரை குழாயை வெட்டாமல், போல்ட் மூட்டில் கழற்றுங்கள். ஒரு மாதம் ஓட்டிப் பார்த்துவிட்டு, எனக்கு இது ஒத்துவரவில்லை என்று அவர் திரும்பி வந்தால், முகம் சுளிக்காமல் பழையதை மாட்டிக் கொடுங்கள்.

அன்புடன்,
எஞ்சின் ஒலியை நேசிக்கும் உங்கள் வாடிக்கையாளன்